துவக்கு அலுமாரியின் திறப்பு ஆரிட்டை?

வயது போனவர்களை அவர்களின் வீட்டிலேயே போய்ப் பார்க்கிற தொழிலில் முதலில் பழக வேண்டியது நாய், அடுத்தது வாசலில் சப்பாத்தைக் கழற்றி மாட்டுகிற வேகம், அதற்கும் அடுத்தது துவக்கு, வேட்டைத் துப்பாக்கி. முதல் இரண்டையும் பயிற்சிப் பள்ளியில் சொல்லித் தந்தார்கள். மூன்றாவதைப் பற்றி ஒருவரும் வாய் திறக்கவில்லை.

விடிய எழும்பி, கொம்மூன் என்கிற நகரசபை தந்த சின்னக் காரை எடுத்துக்கொண்டு, ஒரு வீட்டில் இன்சுலின், அடுத்த வீட்டில் வீங்கின காலுக்கு மேசு என்கிற இறுக்குக் காலுறை, அதற்கடுத்த வீட்டில் குளிப்பாட்டல் என்று ஓடுகிற ஆக்கள் இதை வாசிக்கிறவர்களில் நிறையப் பேர் இருப்பீர்கள். உங்களுக்கு, குனிந்து தூக்கி வருகிற நாரி நோவைப் பற்றி நான் சொல்லத் தேவையில்லை. நான் ஓடுவது டென்மார்க்கில், சில்க்போர்க் நகரத்துக்கு வெளியே, காட்டோரம் கிடக்கிற பண்ணை வீடுகளுக்கு. பிறந்தது மன்னாரில். பெயர் ஜெசிந்தா. இங்கே ‘ஜ’ எல்லாம் ‘ய’ ஆகிவிடுவதால் யெசிந்தா. டெனிஷில் எல்லாருக்கும் எல்லாரும் ‘நீ’தான். அதை அப்படியே எழுதுகிறேன், மரியாதைக் குறைவு என்று எடுக்க வேண்டாம்.

எரிக்கின் குசினி

வேலைக்குச் சேர்ந்த புதிது. எரிக் என்கிற தனி மனிதரின் வீடு. மனைவி செத்துக் கனகாலம், மகன் கோபன்ஹேகனில். எரிக்குக்குச் சீனி வருத்தம், காலையில் ஊசி போட வேணும். கதவைத் தட்டினேன், ‘உள்ளுக்கு வா’ என்று குரல் வந்தது. குசினி வாசலில் கால் வைத்ததும் அப்படியே நின்றுவிட்டேன். மேசையில் பழைய பேப்பரை விரித்து, அதன்மேல் துவக்கைக் கழற்றிப் போட்டு எண்ணெய் துடைத்துக்கொண்டிருந்தார் மனிதர். பக்கத்தில் கோப்பிக் கோப்பை, பாதி கடித்த பாண்.

எங்கள் ஊரில் ஒரு வீட்டுக்குள் துவக்கு வந்தால் அது தேடுகிற ஆள் வீட்டில் இருக்கும். சின்ன வயதில் ஆமிக்காரர் செக்கிங் வரும்போது எப்படி நிற்க வேணும் என்று அம்மா பழக்கியிருந்தா. கையை வெளியில் தெரிய வை, கண்ணைப் பார்க்காதே, பையைத் தொடாதே. எத்தனையோ வருடம் கழித்து, டென்மார்க்கில், ஒரு சீனி வருத்தக்காரரின் குசினியில், என் கை இரண்டும் தானாகவே பையை விட்டு விலகி வெளியே வந்தன. மேசைக்குக் கீழே ஒரு கிழட்டு நாய் படுத்திருந்ததை நான் கவனிக்கவே இல்லை. எரிக் என்னைப் பார்த்தார், நாயைப் பார்த்தார், பிறகு நல்ல இரக்கமான குரலில் சொன்னார்:

“பயப்பிடாதை. அது கடிக்காது, அதுக்குப் பல்லே இல்லை.”

கோப்பி போட்டுத் தந்தவர்

இங்கர் என்ற அம்மாவை எங்கள் குழு நெடுங்காலம் பார்த்தது. மூட்டு எல்லாம் இறுகிப்போன நோய். கழுவ, தூக்க, உடுப்பு மாற்ற எங்களில் இரண்டு பேர் வேணும். அவவின் புருசன் நீல்ஸுக்கு ஒரு நோயுமில்லை. நாங்கள் வேலையை முடித்துக் கை கழுவ, குசினியில் கோப்பி தயாராய் இருக்கும். ஆருக்குப் பால் வேணும், ஆருக்கு வேண்டாம் என்பதெல்லாம் மனிதருக்கு மனப்பாடம். எனக்கு மட்டும் சீனிப் போத்தலை அப்படியே பக்கத்தில் வைப்பார். ‘இலங்கைக்காரி வாறாள்’ என்று இங்கருக்குக் கேட்கச் சொல்லிச் சிரிப்பார். மான் வேட்டை தொடங்கும் காலத்தில் எங்களுக்கும் இறைச்சி தர நிற்பார். வாங்கக்கூடாது என்று சட்டம் என்றால், ‘சட்டம் சாப்பிடாது’ என்பார்.

இங்கர் ஒரு வசந்த காலத்தில் நித்திரையிலேயே போய்ச் சேர்ந்தா. சாவீட்டுக்கு நாங்கள் எல்லாரும் பூவோடு போனோம். அடுத்த நாளிலிருந்து அந்த வீடு எங்கள் பாதையில் இல்லை. பார்க்க ஆள் இல்லாத வீட்டுக்குப் போக ஆரும் அனுப்ப மாட்டார்கள் தானே. இலை உதிரும் காலத்தில் ஒரு காலைக் கூட்டத்தில் எங்கள் தலைவி கதிரையில் இருக்காமல் நின்றபடியே சொன்னா, நீல்ஸ் தன் வேட்டைத் துவக்கால் தன்னை முடித்துக்கொண்டார் என்று. புதிதாய்ச் சேர்ந்த ஒரு பிள்ளை, ‘அவரை எங்களில் ஆர் பார்த்தது?’ என்று கேட்டாள். பதில் சொன்னது மெட்டே. என்னோடு அதிக நாள் ஒரே காரில் ஓடியவள், இந்த ஊரிலேயே பிறந்து வளர்ந்தவள். ஜன்னலைப் பார்த்தபடி சொன்னாள்:

“ஒருத்தரும் இல்லை. அவர் எங்கட ஆள் இல்லை, இங்கர்தான் எங்கட ஆள்.”

ரண்டர்ஸ் பிறந்தநாள்

அந்தக் கிழமையே ரண்டர்ஸ் நகரத்தில் என் புருசனின் சொந்தக்காரப் பிள்ளைக்குப் பிறந்தநாள். மண்டபம், பலூன், மட்டன் ரோல்ஸ். ஒரு மூலையில் ஆரோ தொலைபேசியில் செய்தி பார்க்க, அமெரிக்காவில் எங்கேயோ கடைத்தெருவில் சூடு என்று கதை கிளம்பியது. ‘நல்ல காலம் நாங்கள் டென்மார்க்குக்கு வந்தது. இங்கை ஆர் ஆரைச் சுடுறான்?’ என்றார் ஒரு அண்ணை. நான் சும்மா இருந்திருக்கலாம். நீல்ஸின் கோப்பி நெஞ்சுக்குள் நின்றது. ‘இங்கையும் துவக்கால ஆக்கள் சாகினம் அண்ணை. தோட்டத்து வீடுகளில, சத்தமில்லாமல்’ என்றேன். ‘அது தற்கொலை அல்லோ, அது வேறை’ என்றார். ‘செத்தவருக்கு என்ன வேறை?’ என்று கேட்டேன். கோபமாய்த்தான் கேட்டேன் போல. என் மகள் டெனிஷில், ‘அம்மா, இப்ப வேண்டாம்’ என்று முழங்கையைப் பிடித்தாள். கேக் வெட்டக் கூப்பிட்டார்கள்.

பிறகு கோப்பை கழுவுகிற இடத்தில் சாந்தி அக்கா வந்து பக்கத்தில் நின்றா. அவவும் ரண்டர்ஸில் எங்கள் வேலைதான், என்னைவிடப் பழையவ. அவவுக்கும் ஒரு நீல்ஸ் இருந்திருக்கிறார். பெயர் சொல்லவில்லை. கனநேரம் ஒரு தட்டையே திருப்பித் திருப்பித் துடைத்துவிட்டுச் சொன்னா:

“செய்தியில வாறதெண்டால் ஒருத்தன் மற்றவனைச் சுட வேணும், பிள்ளை. தன்னைச் சுட்டவனை ஆர் படம் எடுக்கிறது?”

பழகின கேள்வி

நீல்ஸுக்குப் பிறகு கொம்மூனில் எங்களுக்கு ஒரு வகுப்பு வைத்தார்கள். மனநல மருத்துவப் பிரிவில் வேலை செய்கிற ஒரு தாதி வந்தா, என் மகளைவிடக் கொஞ்சம்தான் மூப்பு. மெதுவாய்த்தான் கதைத்தா, ஆனால் ஒளிக்காமல் கதைத்தா. சாக வேணும் என்று ஒரு மனிதரை உந்துகிற நேரம் பல தடவை கடந்துபோகிற நேரம்தான். அந்த நேரத்தில் கைக்கு எட்டுகிற தூரத்தில் என்ன இருக்கிறது என்பதுதான் விசயம் என்றா. ‘விழுந்துபோவினம் எண்டு விரிப்பைச் சுருட்டி வைக்கிறியள். படிக்குக் கைபிடி அடிக்கிறியள். மாறிக் குடிப்பினம் எண்டு மருந்துப் பெட்டியைப் பூட்டுறியள். துவக்கையும் அப்பிடிப் பாருங்கோ. வெட்கப்படுற விசயமில்லை, வீட்டில இருக்கிற ஆபத்து, அவ்வளவுதான்.’ கேட்டால் இல்லாத எண்ணத்தைக் கிளப்பிவிடுவோமோ என்று ஒருத்தி பயந்தாள். இல்லை, கேட்பதால் அது வருவதில்லை, பல பேருக்குக் கேட்கிற ஆளைக் கண்டதே ஒரு ஆறுதல் என்றா.

பிறகு இரண்டு இரண்டு பேராய் இருத்திக் கேட்டுப் பழகச் சொன்னா. சாக வேணும் போல இருக்கிறதா? வீட்டில் துவக்கு இருக்கிறதா? அதைப் பூட்டி வைக்கிற அலுமாரியின் திறப்பு, சாவி, ஆரிடம்? எனக்கு மெட்டே ஜோடி. என் டெனிஷில் அந்தச் சொற்கள் கல்லுக் கல்லாய் விழுந்தன, ஆனாலும் கேட்டுவிட்டேன். அவளின் முறை வந்தபோது வாய் திறக்கிறாள், மூடுகிறாள். பிறகு சிரித்துவிட்டாள். அவளுக்கு இங்கே ஒவ்வொரு வீடும் தெரியும். அவளின் அப்பாவோடு வேட்டைக்குப் போன ஆக்கள், அவளோடு பள்ளிக்கூடம் போன பிள்ளைகளின் தகப்பன்மார். கடைசியில் கையை விரித்துக்கொண்டு சொன்னாள்:

“நீ கேள், யெசிந்தா. வெளியாள் நீ, உனக்கு முன்னாலை அவைக்கு வெட்கம் வராது.”

அது புகழ்ச்சியோ குத்தலோ என்று எனக்கு இன்றுவரைக்கும் தெளிவில்லை.

கேட்ட நாள்

எரிக்குக்கு அந்த வருடம் நல்லாய் இருக்கவில்லை. நாயை மிருக வைத்தியர் ஊசி போட்டு ஒரேயடியாய் நித்திரையாக்கினார். கண்ணின் நடுப்பார்வை மங்கத் தொடங்கியது. மகன் வந்து, கார் ஓட்ட வேண்டாம் என்று கார்த் திறப்பைக் கேட்டு வாங்கிக்கொண்டு போனான். வேட்டைக்கும் போக முடியாது. ஊசி போடப் போனால், குசினிக் கதிரையில் முதல்நாள் உடுப்போடு இருப்பார். பாணை அறுத்து வைத்திருப்பார், கடித்திருக்க மாட்டார். ஒரு காலை, ‘எல்லாத்தையும் ஒழுங்குபடுத்தி வைச்சிட்டன்’ என்றார். எதை என்று கேட்டேன். ‘எல்லாத்தையும்’ என்றார்.

ஊசியை மேசையில் வைத்துவிட்டு அவருக்கு முன்னால் கதிரையை இழுத்துப் போட்டு இருந்தேன். பழகின கேள்வியைப் பழகின மாதிரியே கேட்டேன், ‘எரிக், உனக்குச் சாக வேணும் போல இருக்குதோ?’ அவர் கோபப்படுவார், என்னை வெளியே போகச் சொல்வார் என்று நினைத்தேன். அவர் மேசை ஓரத்தைப் பிடித்துக்கொண்டார். ‘ஓம்’ என்றார். துவக்காலோ என்று கேட்டேன். அதற்கும் ‘ஓம்’. திறப்பு எங்கே என்று கேட்டேன். தன் நெஞ்சுப் பையைத் தொட்டுக் காட்டினார். நான் இப்ப இங்கேயேதான் இருப்பேன், டொக்டருக்கு எடுக்கப்போறேன் என்று சொன்னேன். வேண்டாம் என்று அவர் சொல்லவில்லை. தொலைபேசியில் எண்ணை அழுத்திக்கொண்டிருந்தபோது, கேட்காமலே சொன்னார்:

“டொக்டர் பிரஷரைக் கேட்டவர். மகன் கார்த் திறப்பைக் கேட்டவன். இதை ஒருத்தரும் கேட்கேல்லை.”

வெறும் அலுமாரி

மத்தியானத்துக்குள் டொக்டர் வந்தார். என்னுடைய மற்ற வீடுகளை மெட்டே சத்தமில்லாமல் எடுத்துக்கொண்டாள். டொக்டர் பொலிசோடு கதைத்து ஒழுங்கு பண்ண, துவக்கு அனுமதிப் பத்திரம் உள்ள பக்கத்துக் காணிக்காரர் பெரிய காரோடு வந்தார். அவரும் வேட்டைக்காரர். எரிக் நெஞ்சுப் பையிலிருந்து திறப்பை எடுத்து நீட்டினார், ஆனால் துவக்குகளைத் தானே எடுத்துத் தருவேன் என்றார். டொக்டர் வேண்டாம் என்று மெல்லச் சொல்ல, சரி என்று கதிரையில் இருந்துகொண்டார். பக்கத்துக்காரர் ஒவ்வொன்றாய்க் கொண்டுபோகும்போது, எது அப்பாவினது, எது கலியாணத்துக்கு மாமன் தந்தது என்று எரிக் கண்ணை மூடிக்கொண்டு சொல்லிக்கொண்டே இருந்தார். காலடிச் சத்தத்திலேயே எது போகுது என்று தெரிந்தது போல. கடைசியாய்ப் போனபோது பக்கத்துக்காரர் வாசலில் நின்று, ‘எண்ணெய் போட்டு வைப்பன், எரிக். அது உன்ரதான்’ என்றார்.

மனச்சோர்வுக்குக் குளிசை தொடங்கினார்கள். மனநலப் பிரிவுத் தாதி வந்துபோனா. மகன் கொஞ்ச நாள் லீவு எடுத்து வந்து நின்றான். குளிர்காலம் முழுக்க எரிக் பேசினது குறைவு, ஆனால் பாண் கடிபட்டது. ஒரு காலை ஊசிக்கு முதல் இரத்தம் பார்த்தால் சீனி எக்கச்சக்கம். என்ன சாப்பிட்டாய் என்றால் ஒன்றுமில்லை என்கிறார். வீட்டில் இனிப்பு ஒன்றும் இல்லை, எல்லா அலுமாரியும் நான் பார்த்தவைதான். ஒன்றைத் தவிர. அந்த இரும்பு அலுமாரியைத் திறந்து பார்த்தால், துவக்கு நின்ற இடத்தில் பட்டர் பிஸ்கட் டின்கள், நல்ல பிள்ளைகள் போல வரிசையாய் நிற்கின்றன. எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. எரிக் தன் கதிரையில் இருந்தபடியே கேட்டார்:

“இதையும் காரில ஏத்தப் போறியோ?”

மெட்டேயின் அப்பா

எரிக்கின் விசயத்துக்குப் பிறகு மெட்டே மாறிப்போனாள். என்னைவிட நன்றாய்க் கேட்கப் பழகினாள். ஊர்க்காரி என்பது தடை என்று சொன்னவள், அதையே பிடியாக்கிக்கொண்டாள். ‘உன்னை எனக்கு எவ்வளவு காலமாய்த் தெரியும், ஒளிக்காதை’ என்று தொடங்குவாள். இரண்டு வீடுகளில் துவக்கு இடம் மாறியது அவளால்தான்.

அவளின் அப்பா பெர் பன்றிப் பண்ணை வைத்திருந்தவர். நாரி விட்டுப்போக, பன்றிகளை விற்றுவிட்டு வீட்டோடு இருந்தார். ஒவ்வொரு ஞாயிறும் மெட்டே தாய் தகப்பனிடம் போவாள். இந்தத் தடவை அப்பா முகம் வழிக்காமல் இருந்தார், தொழுவத்துப் பக்கமே திரும்பிப் பார்க்கவில்லை என்று திங்கட்கிழமை காரில் வைத்துச் சொன்னாள். அடுத்த சந்தியில் சிவப்பு விழுந்தது. நான் அவளைப் பார்த்தேன். ‘எனக்குத் தெரியும்’ என்றாள். ‘வாற ஞாயிறு நீயும் கோப்பிக்கு வா. நீ இருந்தால் நான் கேட்பன்.’ வாறன் என்றேன். பட்டர் கேக் சுடுறன் என்றும் சொன்னேன்.

அந்த ஞாயிறு வரவில்லை. வெள்ளிக்கிழமை தலைவி எங்களைக் கூப்பிட்டபோது மெட்டேயின் கதிரை வெறுமையாய் இருந்தது. அவளின் அப்பா என்று எனக்குக் கேட்காமலே விளங்கிவிட்டது.

அவளின் வீட்டுக்குப் போனேன். கழுவின துவாய்களை மடித்துக்கொண்டிருந்தாள். மடித்ததை விரித்து, திரும்ப மடித்தாள். நானும் பக்கத்தில் இருந்து மடித்தேன். இந்த வேலை செய்கிறவர்களுக்குக் கையைச் சும்மா வைத்திருக்கத் தெரியாது, உங்களுக்குத் தெரியும். அவள் அழவில்லை. கூடை முடிந்த பிறகுதான் என்னைப் பார்த்தாள்:

“எல்லாரிட்டையும் கேட்டனான், யெசிந்தா. அப்பாவிட்டை மட்டும் மழை வருமோ எண்டு கேட்டனான்.”

மேசையில் ஒரு கேக்

மெட்டேயின் அம்மா கேர்டாவுக்கு இடுப்பு முறிந்து சத்திரசிகிச்சை செய்தது அதற்குப் பிந்திய மாதங்களில். அவ என் பாதையில் வந்தா. நான் சுடுவதாய்ச் சொன்ன கேக்கை அன்றுதான் சுட்டுக்கொண்டு போனேன். ஊரில் எல்லாரும் பெர் இதயத்தால் செத்தார் என்றுதான் சொன்னார்கள். கடையிலும் அப்படி, தேவாலயத்திலும் அப்படி. உண்மை எல்லாருக்கும் தெரியும், தெரியாதது போல இருப்பதும் எல்லாருக்கும் தெரியும்.

எங்கள் ஊரில் சூடு பட்டு ஒரு சா விழுந்தால், என்ன கதைப்பது என்று தெரியாத சனமும் வந்து முற்றத்தில் குந்தியிருக்கும். ஆரோ அடுப்பை மூட்டுவார்கள், ஆரோ பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு போவார்கள். துக்கம் குறையாது, ஆனால் வீடு தனியே நிற்காது. இங்கே சனம் கெட்டவர்கள் இல்லை. என்ன சொல்வது என்று தெரியாமல் வராமல் விட்டார்கள், வராமல் விட்டபின் வெட்கத்தில் வராமலே விட்டார்கள். கேர்டா ஊன்றுகோலோடு எழும்பி, தானே நல்ல கோப்பைகளை எடுத்து மேசையில் வைத்தா. இருப்பது இரண்டு பேர், வைத்தது ஆறு கோப்பை. அதை அவ கவனித்தும் மிச்சத்தை எடுக்கவில்லை. அந்த வீட்டுக்கு வந்த ஒரே கேக்கைப் பார்த்துச் சொன்னா:

“புற்றுநோய் எண்டால் இந்த மேசையில கேக் வைக்க இடம் இருந்திருக்காது.”

வேட்டைச் சங்க மண்டபம்

மெட்டே வேலைக்குத் திரும்பி வந்தது மெலிந்துபோய். காரில் பேச்சுக் குறைவு. ஒருநாள், தானே வேட்டைச் சங்கத் தலைவருக்கு எடுத்துக் கதைத்ததாய்ச் சொன்னாள். வேட்டைப் பருவம் தொடங்க முதல் ஒரு சனிக்கிழமை காலை அவர்களின் கூட்டம் நடக்கும். பாண், சீஸ், கோப்பி, காட்டில் ஆர் எங்கே நிற்பது என்ற கதை. அதில் தனக்குக் கொஞ்ச நேரம் கேட்டிருக்கிறாள். ‘நீ வந்து பின்னுக்கு நில். ஒண்டும் செய்ய வேண்டாம், நில்’ என்றாள். எரிக்கையும் கூட்டிக்கொண்டு போனேன். வேட்டைக்குப் போகாட்டிலும் அவர் சங்கத்து ஆள்தான்.

மண்டபம் முழுக்கப் பச்சைச் சட்டை. மெட்டே முன்னுக்குப் போய், மைக்கைத் தொடாமல் நின்று சொன்னாள், ‘என்ர அப்பா இதயத்தால சாகேல்லை. உங்கள் எல்லாருக்கும் தெரியும். துவக்கால செத்தவர்.’ நிலத்தைப் பார்த்தவர்கள் பாதி, ஜன்னலைப் பார்த்தவர்கள் பாதி. அவள் கனக்கச் சொல்லவில்லை. சுகமில்லாத காலத்தில் துவக்கை நண்பனிடம் குடுங்கோ, நண்பனுக்குச் சுகமில்லையென்றால் போய்க் கேளுங்கோ, எப்ப திருப்பி எடுப்பது என்று பிறகு பார்க்கலாம். காட்டுக்குள்ளே ஒருத்தரை ஒருத்தர் சுட்டுவிடாமல் செம்மஞ்சள் நாடா கட்டுகிறீர்களே, வீட்டுக்குள்ளேயும் அப்படி ஒன்று வேணும் என்றாள். கேள்வி இருக்கோ என்று தலைவர் கேட்டார். மெட்டே முன்னுக்குத் தலை குனிந்து தனியாய் நின்றாள். அப்போது என் பக்கத்தில் கதிரை இழுபடும் சத்தம். எரிக் எழும்பிவிட்டார். எந்தப் பக்கம் பார்ப்பது என்று தெரியாமல், எல்லாருக்கும் பொதுவாய்ச் சொன்னார், ‘என்ர துவக்குகள் பக்கத்து வீட்டில இருக்குது. நான் இங்கை இருக்கிறன்.’ சொல்லிவிட்டு இருந்துவிட்டார். கை தட்டல் ஒன்றும் இல்லை. ஆனால் மெட்டே நிமிர்ந்தாள்.

கூட்டம் முடிய நான் குசினியில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தேன். கதவளவு உயரமான ஒரு மனிதர் வந்தார், என் பாதையில் இல்லாத ஆள். நாற்பது வயதுக்குள்தான் இருக்கும். துணியை எடுத்து ஒரு கோப்பையைத் துடைக்கத் தொடங்கினார். கோப்பை எப்பவோ காய்ந்துவிட்டது, அவர் விடவில்லை. ‘திறப்பை உன்னட்டைத் தந்தால் வைச்சிருப்பியோ?’ என்றார் மெல்ல. எனக்கு அனுமதி இல்லை, அனுமதி உள்ள ஆள்தான் பொறுப்பு எடுக்கலாம் என்று சொல்லி, அந்தக் கோப்பையை அவர் கையிலிருந்து வாங்கி வைத்துவிட்டு, அவரோடு சேர்ந்து வெளியே நடந்தேன். மெட்டே கண்டுவிட்டாள். கேட்க வேண்டியதை அவள் அவரிடம் நேரே கேட்டாள், அவர் நேரே பதில் சொன்னார். அவசர டொக்டருக்கு அந்த இடத்திலேயே எடுத்தோம். சங்கத் தலைவர் கார்த் திறப்பைத் தேடிக்கொண்டே, பின்னேரம் வந்து துவக்கை எடுக்கட்டோ என்று கேட்டார். உயரமான மனிதர் தலையை ஆட்டினார், இல்லை என்று:

“இப்பவே வா. பின்னேரம் எண்டால் நான் மாறிப்போவன்.”

எங்கள் கொம்மூனில் இன்சுலினுக்கு இவ்வளவு நிமிடம், மேசு போட இவ்வளவு நிமிடம், குளிப்பாட்ட இவ்வளவு நிமிடம் என்று எல்லாவற்றுக்கும் நேரம் ஒதுக்கியிருக்கிறார்கள், இந்த ஒரு கேள்விக்குத்தான் இன்னும் ஒதுக்கவில்லை என்பதால் நானும் மெட்டேயும் அதை மேசு போடுகிற நேரத்திலேயே கேட்டுவிட்டு, மேசு கொஞ்சம் இறுக்கமாய் இருந்ததால் நேரம் போனது என்று மேலிடத்துக்குச் சொல்லிவருகிறோம்.